ஈடித்: நூறாண்டு கழித்துத் திரும்பிய பெயர்

இங்கிலாந்தின் பழைய பெண்பெயர்களைப் பற்றி வாசகர்கள் எழுதிய கடிதங்களுள் பெரும்பாலானவை ஈடித் என்ற ஒரே பெயரைச் சுற்றியே அமைந்திருந்தன. ஆகவே இந்த இதழின் கேள்வி-பதில் பகுதி முழுவதையும் அந்தப் பெயருக்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி: என் மகன் குடும்பத்துடன் இங்கிலாந்தின் நாரிச் நகரில் வசிக்கிறான். அங்கே சென்றிருந்தபோது, பேத்தியின் மழலையர் வகுப்பில் ஈடித் என்று ஒரு குழந்தையும் ஈடி என்று இன்னொரு குழந்தையும் இருக்கக் கண்டு வியந்தேன். பாளையங்கோட்டையில் நான் படித்த காலத்தில், ஓய்வுபெறும் வயதில் இருந்த ஆசிரியை ஒருவருக்குத்தான் அந்தப் பெயர். அது வயதானவர்களின் பெயர் என்றே என் மனத்தில் பதிந்துவிட்டது. ஆங்கிலேயப் பெற்றோர் அதை ஏன் மீண்டும் தேடிச் சூட்டுகிறார்கள்?
- வாசகி, திருநெல்வேலி

பதில்: உங்கள் மனத்தில் அவ்வாறு பதிந்ததற்குத் தக்க காரணம் உண்டு. விக்டோரியா அரசியின் ஆட்சிக்காலத்துப் பிற்பகுதியில் இங்கிலாந்தில் பெண் குழந்தைகளுக்கு மிகுதியாகச் சூட்டப்பட்ட பெயர்களுள் ஈடித்தும் ஒன்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில்கூட அது அந்நாட்டின் முதல் பத்துப் பெயர்களுக்குள் இருந்தது. அதன் பிறகு புதிய பெயர்கள் வந்து அதைப் பின்னுக்குத் தள்ளிவிட்டன. எனவே 1960-களிலும் 1970-களிலும் ஈடித் என்று கூப்பிட்டால் திரும்பிப் பார்த்தவர்களுள் பெரும்பாலோர் ஐம்பதையோ அறுபதையோ கடந்தவர்களாக இருந்தனர். திருநெல்வேலிச் சீமைக்கும் அந்தப் பெயர் அந்தத் தலைமுறையின் வழியாகவே வந்து சேர்ந்தது. மிஷன் பள்ளிகளிலும் மருத்துவமனைகளிலும் பணியாற்ற வந்த ஆங்கிலேயப் பெண்கள், தங்கள் நாட்டில் அன்று வழக்கில் இருந்த பெயர்களைத் தாங்கி வந்தார்கள். பாளையங்கோட்டையில் காதுகேளாத குழந்தைகளுக்குப் பள்ளி தொடங்கிய ஸ்வைன்சன் அம்மையாரின் பெயர் ஃபுளோரன்ஸ் என்பதை நீங்கள் அறிந்திருப்பீர்கள். ஞானஸ்நானத்தின்போது அத்தகைய பெயர்களைப் பெற்ற நம் ஊர்ப் பெண்கள், பின்னர் ஆசிரியைகளாகவும் செவிலியராகவும் உங்கள் தலைமுறைக்கு அறிமுகமானார்கள்.

நம்மிடையே பாட்டியின் பெயரைப் பேத்திக்கு இடுவது ஒரு கடமையாகவே கருதப்பட்டு வந்திருக்கிறது. ஆங்கிலேயரிடம் அப்படிப்பட்ட கட்டாயம் இல்லை. ஆயினும் அவர்களிடையே இன்னும் ஒரு தலைமுறை தள்ளி, கொள்ளுப்பாட்டிகளின் பெயர்கள் தாமாகவே திரும்பி வருகின்றன. தாயின் தோழிகளுக்கு இருந்த பெயர் இளம் பெற்றோருக்குச் சலித்துப்போயிருக்கிறது. பாட்டியின் பெயரைக் கேட்டவுடன் முதுமையும் நோயும் முதியோர் இல்லமும் நினைவுக்கு வந்துவிடுகின்றன. கொள்ளுப்பாட்டியையோ அவர்களுள் பலர் நேரில் பார்த்ததே இல்லை. குடும்பப் புகைப்படத்தில் உயர்ந்த கழுத்துப்பட்டியும் தூக்கி முடித்த கொண்டையுமாக நிற்கும் இருபது வயதுப் பெண்ணாகவே அவர் அறிமுகமாகிறார், அவருடைய பெயருக்கும் அந்த இளமை வந்துவிடுகிறது. ஃபுளோரன்ஸ், ஐவி, எல்சி, மேபல், ஏடா ஆகியவையும் இவ்வாறு திரும்பியவையே. ஈடித், 2010-களின் பிற்பகுதியில் இங்கிலாந்து, வேல்ஸ் பகுதிகளின் முதல் நூறு பெண்பெயர்களுக்குள் மீண்டும் இடம்பிடித்தது.

ஆனால் காலம் கடந்துவிட்டது என்ற ஒரே காரணத்துக்காக எல்லாப் பழைய பெயர்களும் திரும்பிவிடுவதில்லை. டோரிஸ், எத்தல், மில்ட்ரெட் ஆகியவை அதே காலத்தில் ஓங்கியிருந்தவை; அவை இன்னும் அந்த அளவுக்கு மீளவில்லை. ஈடித்துக்கு அதன் ஒலி பெருந்துணையாக இருப்பதாக நான் கருதுகிறேன். இன்றைய ஆங்கிலேயப் பெற்றோருக்கு உயிரெழுத்தில் தொடங்கும் பெயர்கள் மிகவும் பிடித்திருக்கின்றன. ஒலிவியா, அமீலியா, ஐலா, ஏவா என்று அந்த வரிசை நீள்கிறது. ஈடித்தும் நீண்ட உயிரொலியில்தான் தொடங்குகிறது, ஆனால் மற்றவற்றைப் போல 'ஆ' என்று இழுத்து முடியாமல், இரண்டே அசையில் உறுதியாக நின்றுவிடுகிறது. வகுப்பில் பத்துக் குழந்தைகளின் பெயர்கள் ஒன்றுபோலவே முடியும்போது, அந்த முடிவு தனித்துக் கேட்கிறது.

கேள்வி: ஈடித் என்பதற்குச் 'செல்வத்துக்காகப் போரிடுபவள்' என்று பொருள் என ஒரு பெயர்ப் புத்தகத்தில் படித்தேன். பெண் குழந்தைக்கு யாராவது இப்படிப்பட்ட பொருளில் பெயர் வைப்பார்களா? அந்தப் பொருள் சரியானதா?
- வாசகர், ஈரோடு

பதில்: அந்தப் பொருள் பாதி உண்மை, மீதி, புத்தகத்தை எழுதியவரின் கற்பனை. ஈடித்தின் மூல வடிவம், ஆயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்ட பழைய ஆங்கிலத்தின் 'ஏயட்கித்'. அதன் முற்பகுதியான 'ஏயட்' செல்வத்தை மட்டுமின்றிச் செழிப்பு, நற்பேறு ஆகியவற்றையும் குறிக்கும். பிற்பகுதியான 'கித்' போரைக் குறிக்கும். இவ்விரண்டையும் இணைத்து ஒரு வாக்கியம்போலப் பொருள் கொள்வதுதான் தவறு.

அந்தப் பழைய ஆங்கிலத்தைப் பேசிய ஆங்கிலோ-சாக்சன் குடும்பங்களில், பெயருக்கென்றே வழங்கிய சில சொற்கள் இருந்தன. அவற்றுள் ஒன்றை முன்னும் ஒன்றைப் பின்னும் வைத்துக் குழந்தைக்குப் பெயர் அமைத்தார்கள். தந்தையின் பெயரில் உள்ள முற்பகுதியைப் பிள்ளைகளுக்கும் வைப்பது பெருவழக்காக இருந்தது. இதற்குத் தென் இங்கிலாந்தின் வெசெக்ஸ் அரச குலத்தைக் காட்டிலும் தெளிவான சான்று வேறில்லை. அக்குலத்து அரசரான மூத்த எட்வர்டின் மக்களுள் எட்மண்ட், ஏயட்ரெட் இருவரும் அடுத்தடுத்து ஆண்டார்கள். எட்மண்டின் மக்கள் ஏயட்விக், எட்கர். எட்கரின் மகள் ஈடித். அத்தனை பெயர்களிலும் முன்னால் நிற்பது அதே 'ஏயட்'; இன்றைய 'எட்', 'ஈட்' ஆகியவை அதன் மாறிய வடிவங்களே. எட்வர்டில் அதனுடன் 'காவலன்' சேர்ந்தது, எட்கரில் 'ஈட்டி' சேர்ந்தது, மகளின் பெயரில் 'போர்' சேர்ந்தது. மகள் போர்க்களம் காண வேண்டும் என்று எவரும் விரும்பியதாக இதற்குப் பொருளில்லை. இவள் இன்ன குலத்தவள் என்பதைக் கேட்ட மாத்திரத்தில் உணர்த்துவதே அந்தப் பெயரின் நோக்கம். போரைக் குறிக்கும் 'ஹில்ட்' என்ற இன்னொரு சொல்லும் அக்காலப் பெண்களின் பெயர்களில் நிறையவே காணப்படுகிறது.

அரசர் எட்கரின் மகளான அந்த ஈடித், இங்கிலாந்தின் தென்பகுதியில் உள்ள வில்டன் கன்னியர் மடத்தில் வளர்ந்து, 984ஆம் ஆண்டில் இளவயதிலேயே இறந்து, புனிதராகப் போற்றப்பட்டவர். செப்டம்பர் 16 அவருடைய திருநாள். அவரைப் பற்றி இடைக்கால வரலாற்றாசிரியர்கள் எழுதிவைத்த ஒரு நிகழ்ச்சி எனக்கு மிகவும் பிடித்தமானது. மடத்தில் வாழ்ந்தபோதும் அவர் அரச குமாரிக்குரிய அழகிய உடைகளையே அணிந்திருந்தாராம். அதைக் கண்ட ஆயர் எத்தல்வோல்ட், துறவுக்கு இது தகுமா என்று கடிந்துகொண்டாராம். கந்தல் தோலாடைக்குள்ளும் செருக்கு இருக்கக்கூடும், பொன்னிழை ஆடைக்குள்ளும் தூய மனம் இருக்கக்கூடும், இறைவன் பார்ப்பது மனத்தைத்தான் என்ற பொருள்பட அவர் மறுமொழி கூறினாராம். இருபது வயதை ஒட்டிய பெண், நாட்டின் பெரிய ஆயர் ஒருவருக்கு இப்படி விடை சொன்னாள் என்பதைப் படிக்கும்போது, பெயரின் பிற்பகுதி அவளுக்குப் பொருந்தத்தான் செய்தது என்று தோன்றுகிறது.

கேள்வி: இவ்வளவு பழைய பெயர், அந்நியப் படையெடுப்புகளைத் தாண்டி எப்படித் தப்பிப் பிழைத்தது?
- வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: மயிரிழையில் தப்பியது என்றே சொல்ல வேண்டும். 1066ஆம் ஆண்டு நார்மாண்டியின் வில்லியம் இங்கிலாந்தைக் கைப்பற்றியபோது, ஈடித் அந்நாட்டு உயர்குடியினரிடையே பரவலாக வழங்கிய பெயர். மூத்த எட்வர்டுக்குப் பிற்பட்ட இன்னோர் அரசர் எட்வர்டின் மனைவி ஈடித். அந்த அரசியின் உடன்பிறந்தவரும், ஹேஸ்டிங்ஸ் போரில் வீழ்ந்த அரசருமான ஹெரால்டுடன் பல்லாண்டு வாழ்ந்த பெண்ணும் ஈடித் என்றே நினைவுகூரப்படுகிறார். அன்னக்கழுத்துடையாள் என்ற அடைமொழி பெற்ற அந்தப் பெண்தான், போர்க்களத்தில் சிதைந்து கிடந்த ஹெரால்டின் உடலைத் தாம் மட்டுமே அறிந்த அடையாளங்களைக் கொண்டு காட்டிக்கொடுத்தார் என்பது வால்தம் தேவாலயத்தார் போற்றிவந்த மரபு.

அடுத்த இரண்டு தலைமுறைகளுக்குள் நிலைமை தலைகீழாயிற்று. வென்றவர்களின் வில்லியம், ராபர்ட், ரிச்சர்ட், மட்டில்டா, ஆலிஸ் ஆகிய பெயர்களே மதிப்புக்குரியவை ஆயின. பழைய ஆங்கிலப் பெயர் வைத்திருப்பது பின்தங்கிய குடும்பத்தின் அடையாளமாகக் கருதப்பட்டது. இதன் கடுமையை ஒரே திருமணத்தில் காணலாம். ஸ்காட்லாந்து அரசரின் மகளாகவும், தாய்வழியில் பழைய ஆங்கிலேய அரச குலத்தின் வாரிசாகவும் பிறந்த ஒரு பெண்ணுக்கு ஞானஸ்நானத்தில் சூட்டிய பெயர் ஈடித். 1100ஆம் ஆண்டில் வில்லியமின் மகன் முதலாம் ஹென்றியை மணந்து அரசியானபோது, அவர் மட்டில்டா என்று அறியப்படலானார். அப்படியும் நார்மன் பிரபுக்கள் விடவில்லை. ஆங்கிலேயப் பெண்ணை மணந்ததற்காக அரசரையும் அரசியையும் காட்ரிக், காட்கிஃபு என்ற நாட்டுப்புற ஆங்கிலப் பெயர்களால் அழைத்து எள்ளி நகையாடினார்கள் என்று வரலாற்றாசிரியர் மாம்ஸ்பரி வில்லியம் எழுதியிருக்கிறார். நாட்டின் அரசியே தம் பெயரை விட்டுக்கொடுக்க நேர்ந்த காலத்தில், எளிய மக்களின் வீடுகளில் அந்தப் பெயர் எப்படியோ ஒட்டிக்கொண்டிருந்தது. வில்டன் புனிதரின் மீதிருந்த பக்தி அதற்குத் துணைநின்றது. பிற்காலத்தில் மிகவும் அருகிப்போன அப்பெயரை, 19ஆம் நூற்றாண்டில் இடைக்காலத்தின் மீது ஆங்கிலேயருக்கு ஏற்பட்ட பெரும் ஈடுபாடு மீட்டெடுத்தது. ஆல்ஃபிரட், ஹெரால்டு, எட்கர் ஆகிய ஆண்பெயர்களும் அப்போது உடன் எழுந்தவையே.

இங்கிலாந்துக்கு வெளியே அதற்கு நேர்ந்த கதையையும் சொல்லியாக வேண்டும். மூத்த எட்வர்டின் மகள் ஒருத்திக்கும் ஈடித் என்றுதான் பெயர். அவரை 929ஆம் ஆண்டு வாக்கில், பின்னர் ஜெர்மானியப் பேரரசராக முடிசூடிய முதலாம் ஓட்டோவுக்கு மணமுடித்து அனுப்பினார்கள். 946இல் இறந்த அவரை மக்டபர்க் நகரில் அடக்கம் செய்தார்கள். 2008ஆம் ஆண்டில் அந்நகரத்துப் பேராலயத்தில் உள்ள அவருடைய கல்லறையைத் திறந்து ஆராய்ந்தபோது, உள்ளே சிறியதோர் ஈயப் பேழையில் எலும்புகள் இருந்தன. எலும்புகள் பலமுறை இடம் மாற்றி வைக்கப்பட்டவை என்பதால், அவை உண்மையிலேயே அவருடையவைதானா என்ற ஐயம் எழுந்தது. பிரிஸ்டல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பற்களின் எனாமலை ஆராய்ந்தார்கள். குழந்தைப் பருவத்தில் அருந்திய நீரின் தடயம், எனாமல் உருவாகும்போதே அதில் படிந்து, சாகும்வரை மாறாமல் நின்றுவிடும். அந்தப் பற்களில் இருந்த தடயம், தென் இங்கிலாந்தின் சுண்ணாம்புக் குன்றுகள் நிறைந்த வெசெக்ஸ் பகுதியுடன் பொருந்தியது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் அந்நிய நாட்டுக்கு வாழ்க்கைப்பட்டுப் போன ஒரு பெண், தான் சிறுமியாக விளையாடிய மண்ணைத் தன் பற்களிலேயே கொண்டுசென்றிருக்கிறாள் என்பதைப் படித்த நாள்முதல் இந்தப் பெயரின் மீது எனக்குத் தனிப் பற்று உண்டாகிவிட்டது.

கேள்வி: ஈடித் என்றதும் உங்கள் நினைவுக்கு முதலில் வருபவர் யார்?
- வாசகி, மதுரை

பதில்: தயக்கமின்றிச் சொல்வேன், ஈடித் கேவல். நாரிச் நகரைப் பற்றி எழுதிய திருநெல்வேலி வாசகி இந்தப் பதிலைத் தவறாமல் படிக்க வேண்டும். ஏனெனில் கேவல் 1865இல் பிறந்த ஸ்வார்டெஸ்டன் கிராமம் அந்நகருக்குச் சற்றுத் தெற்கே உள்ளது, அவருடைய கல்லறையோ நாரிச் பேராலயத்தை ஒட்டியே அமைந்துள்ளது.

கிராமப் போதகரின் மகளாகப் பிறந்த அவர், செவிலியர் பயிற்சி பெற்று, 1907இல் பெல்ஜியத்தின் தலைநகரான பிரஸ்ஸல்ஸில் ஒரு செவிலியர் பள்ளிக்குத் தலைமையேற்றார். முதல் உலகப்போரில் ஜெர்மானியர் அந்நகரைக் கைப்பற்றிய பிறகும் அவர் அங்கிருந்து வெளியேறவில்லை. காயமுற்ற வீரர்களை எந்த நாட்டவர் என்று பாராமல் பேணியதுடன், பகைவரிடம் சிக்காமல் ஒளிந்திருந்த ஏறத்தாழ 200 நேச நாட்டு வீரர்கள் நடுநிலை நாடான நெதர்லாந்துக்குத் தப்பிச் செல்லவும் உதவினார். 1915 ஆகஸ்டில் கைதான அவர், விசாரணையில் தம் செயல்களை மறைக்கவில்லை. அக்டோபர் 12ஆம் நாள் விடியற்காலையில் அவரைச் சுட்டுக்கொன்றார்கள்.

முந்தைய இரவு தம்மைக் காண வந்த ஆங்கிலத் திருச்சபைப் போதகரிடம் அவர், நாட்டுப்பற்று மட்டும் போதாது என்பதை உணர்கிறேன், எவர் மீதும் எனக்கு வெறுப்போ கசப்போ இருக்கக்கூடாது என்று கூறினார். ஆனால் பிரிட்டனில் அவருடைய மரணம் பகைவர் மீதான சினத்தை மூட்டவும் படைக்கு ஆள்சேர்க்கவும் பயன்பட்டது. 1920இல் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்துக்கு அருகில் அவருக்கு எழுப்பிய நினைவுச்சின்னத்தில் 'அரசருக்காகவும் நாட்டுக்காகவும்' என்ற சொற்கள் இருந்தன, அவருடைய சொந்தச் சொற்கள் இல்லை. பெண்கள் அமைப்பினர் வலியுறுத்திய பிறகு 1924இல்தான் அவை பீடத்தில் பொறிக்கப்பட்டன. இன்று அந்த வழியே செல்பவர்கள் அவற்றைப் படிக்கலாம்.

அவருடைய நினைவாகப் பல நாடுகளில் பெண் குழந்தைகளுக்கு ஈடித் என்று பெயரிட்டார்கள். அவர் கொல்லப்பட்டு இரண்டு மாதங்கள் கழித்து, 1915 டிசம்பர் 19இல் பாரிஸில் தெருவித்தைக்காரர் ஒருவருக்கு மகள் பிறந்தாள். அந்தக் குழந்தைக்கும் அதே பெயரைச் சூட்டினார்கள். பிற்காலத்தில் உலகம் கொண்டாடிய பாடகி எடித் பியாஃப் அவரே. பியாஃபின் குரலைக் கேட்டவர்கள் பலகோடி. அவர் ஒரு செவிலியின் பெயரைச் சுமந்தவர் என்பதை அறிந்தவர்கள் மிகக் குறைவு என்பது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

கேள்வி: இந்தியாவில் பணியாற்றிய ஈடித் எவரேனும் உண்டா?
- வாசகர், வேலூர்

பதில்: மருத்துவக் கல்லூரியால் பெயர்பெற்ற ஊரிலிருந்து கேட்டிருக்கிறீர்கள், விடையும் ஒரு மருத்துவக் கல்லூரியைப் பற்றியதுதான். கேம்பிரிட்ஜின் கர்ட்டன் கல்லூரியில் படித்து மருத்துவரான ஈடித் பிரவுன், ஆண் மருத்துவரிடம் செல்ல இயலாத இந்தியப் பெண்களுக்குப் பெண் மருத்துவர்கள் தேவை என்பதை உணர்ந்து, 1894இல் பஞ்சாபின் லூதியானாவில் பெண்களுக்கென மருத்துவப் பள்ளி ஒன்றை நிறுவினார். அதுவே இன்றைய லூதியானா கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி.

கேள்வி: தமிழில் எழுதும்போது 'ஈடித்' சரியா, 'எடித்' சரியா?
- வாசகி, சேலம்

பதில்: ஆங்கிலேயர் முதலெழுத்தை நீட்டி 'ஈடித்' என்றே ஒலிக்கிறார்கள். பிரெஞ்சுக்காரர் குறிலில் தொடங்குவதால், பியாஃபைக் குறிப்பிடும்போது 'எடித்' என்று எழுதுவதே பொருத்தம். நம் பத்திரிகைகள் நெடுங்காலமாக இருவருக்குமே 'எடித்' என்று எழுதி வந்திருக்கின்றன. அதைப் பெரும்பிழை என்று சொல்லமாட்டேன், ஆனால் உரியவர் காதுக்கு உரிய ஒலியில் எழுதுவது நல்லது.

கேள்வி: நான் தமிழ்ப் பெண், கணவர் ஆங்கிலேயர். பிறக்கவிருக்கும் மகளுக்கு அவருடைய கொள்ளுப்பாட்டியின் பெயரான ஈடித்தைச் சூட்ட விரும்புகிறோம். ஈடி என்றே பதிவு செய்துவிடலாமா என்றும் எண்ணம் உண்டு. நம் ஊர் உறவினர் வாயில் இந்தப் பெயர் நுழையாது என்று என் பெற்றோர் தயங்குகிறார்கள். உங்கள் கருத்து என்ன?
- வாசகி, லண்டன்

பதில்: உங்கள் பெற்றோரின் தயக்கம் தேவையற்றது. ஈ, டி, த் ஆகிய மூன்றும் தமிழர் நாவுக்குப் பழகிய ஒலிகள். கடைசி எழுத்தை ஆங்கிலேயர் நாக்கைப் பல்லிடையே வைத்து மூச்சாக வெளியிடுவார்கள். நம் அத்தைமாரும் மாமாமாரும் அதை அழுத்தமான 'த்' ஆக்குவார்கள். குழந்தை இரண்டையும் தன் பெயராகவே ஏற்றுக்கொள்ளும். 'ஃபிரெடெரிக்கா' போன்ற பெயராக இருந்தால் நானும் உங்கள் பெற்றோர் பக்கமே நின்றிருப்பேன்.

ஈடி இன்று இங்கிலாந்தில் தனிப் பெயராகவே பதிவாகிறது என்பது உண்மை. இருப்பினும் பிறப்புச் சான்றிதழில் ஈடித் என்று முழுமையாக எழுதி, வீட்டில் ஈடி என்று அழைப்பதே நல்லது என்பது என் உறுதியான கருத்து. மூன்று வயதில் ஈடி என்பது கொஞ்சலாக இருக்கும்; நாற்பது வயதில் ஒரு நீதிமன்றத்திலோ அறுவைச் சிகிச்சைக் கூடத்திலோ நிற்கும்போது எந்த வடிவம் வேண்டும் என்பதை அவளே தேர்ந்துகொள்ள முடியும். முழுப் பெயரிலிருந்து சுருக்கத்துக்கு வருவது எளிது, சுருக்கத்திலிருந்து முழுப் பெயருக்குப் போக வேண்டுமானால் ஆவணங்களையெல்லாம் மாற்ற வேண்டும். நடுப்பெயராக உங்கள் தாயாரின் பெயரையோ பாட்டியின் பெயரையோ சேர்த்தால், உங்கள் வீட்டாரின் மனமும் நிறையும்.

இன்னொன்றையும் செய்யுங்கள். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 1837ஆம் ஆண்டு ஜூலை முதல் பிறப்புகள் அரசுப் பதிவேட்டில் இடம்பெற்று வருகின்றன. கணவரின் கொள்ளுப்பாட்டி பிறந்த ஆண்டும் ஊரும் ஏறத்தாழத் தெரிந்தாலே, பதிவுத்துறைத் தலைமை அலுவலகத்துக்குக் கட்டணம் செலுத்தி அவருடைய பிறப்புச் சான்றிதழின் படியை வாங்கிவிடலாம். தந்தையின் தொழில், தாயின் கன்னிப்பருவக் குடும்பப் பெயர், பிறந்த இடம் ஆகிய அனைத்தும் அதில் இருக்கும். உங்கள் மகள் பள்ளிக்குச் செல்லும் வயதில், தனக்கு ஏன் இந்தப் பெயர் என்று கட்டாயம் கேட்பாள். அப்போது அவள் கையில் கொடுப்பதற்கு அந்தத் தாளை இப்போதே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.